மெற்றில்டா அக்கா 'எல்லே' என்று விற்ற விளையாட்டு

டென்மார்க்கின் ஓகூஸ் நகரில் உள்ள என் கடையில் பழைய கேம் மெசின்களைத் துடைத்து விலை ஒட்டிக்கொண்டிருந்தபோது மெற்றில்டா அக்காவின் மகள் அழைத்தாள். "அங்கிள், அம்மா காலமை போயிட்டா" என்றாள். அதற்குமேல் அவளுக்குத் தமிழும் வரவில்லை, டெனிஷும் வரவில்லை. கடைக்குள் நின்றவர்களுக்கு வேண்டியதைக் கொடுத்து அனுப்பிவிட்டுத்தான் கதவைப் பூட்டினேன். அக்கா பக்கத்தில் நின்றிருந்தால் அதைத்தான் செய்யச் சொல்லியிருப்பார்.

எல்லாம் தொடங்கியது பல ஆண்டுகளுக்கு முன். கிரின்ஸ்டெட் ஊரில் மூடிய ஒரு கடையின் சரக்கை நான் மொத்தமாக எடுத்திருந்தேன். உள்ளே ஒரு பெட்டி நிறைய ஒரே பேஸ்போல் வீடியோ கேம். காற்பந்தும் ஹாண்ட்போலும் பார்க்கிற நாட்டில் இதை யார் வாங்குவார்? குப்பைக்கு ஒதுக்கினேன். தொழிற்சாலை வேலையை விட்டு என்னோடு கடையில் சேர்ந்திருந்த அக்கா ஒன்றை எடுத்துப் போட்டுப் பார்த்தார். அவர் மன்னாரில் பள்ளிக்கூட எல்லே அணியில் அடித்தவர். எல்லேயும் பேஸ்போல் போலவே மட்டையால் பந்தை அடித்துவிட்டு ஓடுகிற இலங்கை விளையாட்டுத்தான்; ஆனால் அதில் பந்தை எறிந்து கொடுப்பவர் அடிப்பவரின் சொந்த அணிக்காரர். அந்த நினைப்பில் திரையைப் பார்த்துக் கத்தினார்.

"ஏன்ரா வளைச்சு எறியிறாய்? உன்ர ஆள்தானே அடிக்கிறான்!"

"அக்கா, அவன் மற்ற ரீம்."

"மற்ற ரீம்காரன் ஏன் எனக்குப் பந்து போடுறான்? அவனுக்கென்ன விசரே?"

பெட்டிக்கு மேல் 'எல்லே' என்று பெரிதாக எழுதி ஒட்டினார். ஹ்விடோவ்ரே நகரில் நம்மவர்களின் ஒன்றுகூடலுக்குத் தூக்கிக்கொண்டு போனார். வெறும் பெட்டிதான் திரும்பி வந்தது. "வாங்கிற ஆளுக்குத் தெரிஞ்ச பேரைச் சொல்லடா தம்பி. கொம்பனி வைச்ச பேர் கொம்பனிக்கு" என்றார். அதன்பிறகு ஆண்டுதோறும் "புது எல்லே வந்திட்டுதே?" என்றுதான் கடைக்குத் தொலைபேசி வரும். ஹ்விடோவ்ரேயில் போட்டியும் தொடங்கியது. அவருடைய பிழையே எங்கள் சட்டமானது: அடிப்பவருக்குப் பந்து எறிவது அவருடைய கூட்டாளிதான். அமெரிக்கர் கேள்விப்பட்டால் வழக்குப் போடுவார்கள்.

அந்தக் கேம் வளர்ந்த கதை எனக்கு அக்காவின் ஏச்சுகளாகவே நினைவிருக்கிறது. முதல் பதிப்பின் ஆட்டக்காரர்களைப் பார்த்து, "தீப்பெட்டிக்குக் கால் முளைச்ச மாதிரி" என்றார். வர்ணனை சேர்த்த ஆண்டில் சத்தத்தை நிறுத்திவிட்டு விளையாடினார். பிறகு நாமே ஆட்டக்காரரை உருவாக்க வழி வந்தது. ஆனால் ஆண்களை மட்டும்தான். அக்கா தன் பள்ளித் தோழிகளின் பெயர்களைத் தாடிக்காரர்களுக்கு வைத்தார். பல ஆண்டுகள் கழித்துப் பெண்களும் ஆடும் பதிப்பு வந்தது. அன்று நான் போனபோது கடை உள்பக்கமாகப் பூட்டியிருந்தது.

"அக்கா, சனம் வெளியில நிக்குது. திறவுங்கோ!"

"பொறடா. பிலோமினாவுக்கு முதல்ல தாடியை எடுக்கவேணும்."

இந்த ஆண்டுப் பதிப்புக்கு டிஸ்க் இல்லை என்று அறிவித்தார்கள். இணையத்தில் இறக்கிக்கொள்ள வேண்டியதுதான். டிஸ்க் இல்லாவிட்டால் எனக்கு விற்க ஒன்றுமில்லை. நோயில் விழுந்திருந்த அக்காவின் வைத்தியசாலைக் கட்டிலுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து வெளிப்படையாகவே சொன்னேன்: "போட்டியை இதோட நிப்பாட்டுவம் அக்கா."

"உனக்கு விக்க ஒண்டுமில்லை, ஓம். அவைக்கு விளையாட ஒண்டுமில்லையெண்டு ஆர் சொன்னது?" மூச்சு வாங்கியது. ஆனாலும் விடவில்லை. "பழசில ஒவ்வொண்டு எடுத்து வை. மெசின் பழுதெண்டால் திருத்து. நான் வந்து பாப்பன்."

அவர் வரவில்லை. ஹ்விடோவ்ரே மண்டபத்தை இந்த ஆண்டுப் போட்டிக்கும் பேசிவிட்டேன். எல்லாப் பதிப்பிலும் ஒவ்வொன்று எடுத்து வைத்திருக்கிறேன். அவை விற்பனைக்கு இல்லை, விலை கேட்டு யாரும் வரவேண்டாம்.

இலாபம் பார்க்காத வேலை எதையும் நான் இதுவரை செய்ததில்லை. அக்காவிடமிருந்து எனக்கென்று வைத்துக்கொள்வது இந்தப் போட்டி ஒன்றைத்தான். அவரைத் தெரிந்தவர்களே, விளையாடப் பெயர் கொடுங்கள். கொடுக்காதவர்களின் வீட்டு வாசலுக்கு நானே வருவேன். கடைக்காரனான எனக்கு ஆள் பிடிப்பது தெரியாத தொழில் அல்ல.