பதினைந்து சதவீதத்துக்காரி

ஊரில் லாட்ஜ் வைத்திருந்தவர்கள் யாரும் அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. 'பதினஞ்சு' என்றுதான் சொல்வார்கள். "பதினஞ்சு வருது, முதலாளி வெளிய போயிருக்காருன்னு சொல்லு" என்று அவள் காதுபடவே பேசுவார்கள். அவளும் சிரித்துக்கொண்டே உள்ளே போய், வெளியே போயிருக்கும் முதலாளிக்கு எதிரில் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்காருவாள்.

இணையத்தில் அறை பதிவு செய்து தரும் கம்பெனி ஒன்றில் அவளுக்கு வேலை. கம்பெனி மூலம் நிரம்பும் ஒவ்வொரு அறைக்கும் வாடகையில் நூற்றுக்குப் பதினைந்து கம்பெனிக்குப் போகும். அதற்கு லாட்ஜ்காரர்களைச் சம்மதிக்க வைப்பது அவள் பொறுப்பு. அதற்கு முன் பல வருஷம் ஒரு ஹோட்டல் வரவேற்பு மேசையில் நின்றவள். பலகையில் காலி அறைச் சாவிகள் தொங்கினால் முதலாளியின் முகம் எப்படித் தொங்கும் என்று பார்த்துப் பழகியவள்.

ஊரையே பேசி மடக்கியவளால் சொந்த அக்கா புருஷனை மடக்க முடியவில்லை. மாமாவுக்கு ரயில் நிலையத்துக்கு எதிர்ச் சந்தில் பன்னிரண்டு அறை லாட்ஜ். அதன் மொட்டை மாடியை ஒட்டித்தான் வீடும்.

"மெத்தை என்னுது, தலகாணி என்னுது, கரண்ட் பில்லும் என்னுது. நோகாம பதினஞ்சு மட்டும் உங்களுக்கா?" என்பார்.

"நேத்து எத்தன ரூம் காலி மாமா?"

"ஏதோ நாலஞ்சு."

"அத இன்னிக்கு விக்க முடியுமா? நேத்தோட போச்சுல்ல? ஊர் ஊரா விளம்பரம் பண்றது, ஆளப் புடிக்கிறது, போன்ல திட்டு வாங்குறது எல்லாம் எங்க செலவு. ஆள் வந்து தங்குனாத்தான் எங்களுக்குக் காசு. வரலன்னா எங்களுக்கும் ஒண்ணும் கெடையாது."

மாமா மறுபடி மெத்தையிலிருந்து ஆரம்பித்தார். துணி மடித்துக்கொண்டிருந்த அக்காவுக்குப் பொறுமை போய்விட்டது.

"கையெழுத்தப் போடுங்க. ஆளே வராத ரூம்ல தூசி தட்டித் தட்டி என் தோள்பட்டை கழண்டுருச்சு."

மாமா போட்டார். பணம் எப்படி வாங்குவது என்பதற்குத் தங்கை இரண்டு வழி சொன்னாள். தங்க வருபவர் கம்பெனிக்குக் கட்டினால், தன் பங்கை எடுத்துக்கொண்டு மீதியை அவர் கிளம்பிய பிறகு கம்பெனி அனுப்பும். லாட்ஜிலேயே கட்டினால், மாதக் கடைசியில் கமிஷனுக்குக் கம்பெனி பில் அனுப்பும். மாமா யோசிக்கவே இல்லை. "பணம் மொதல்ல என் கையில வரட்டும்."

அறைகள் நிரம்பின. மாமாவின் மூளையும் வேலை செய்ய ஆரம்பித்தது. வருபவரிடம் சாவியை நீட்டும்போதே குரலைத் தாழ்த்தி, "அந்த புக்கிங்க கேன்சல் பண்ணிட்டு இங்கயே கட்டுங்க, பத்து பர்சன்ட் கொறைச்சுக்கிறேன்" என்பார். தங்குபவருக்கும் லாபம், மாமாவுக்கும் லாபம், கம்பெனிக்கு மட்டும் கைவிரிப்பு.

இது யாருக்கும் தெரியாமலே போயிருக்கும். ஆனால் மனம் குளிர்ந்த ஒருவர் கம்பெனியின் தளத்திலேயே பாராட்டு எழுதிவிட்டார். 'அருமையான மனிதர். இங்கே செய்த பதிவை ரத்துசெய்யச் சொல்லி, வாடகையைக் குறைத்துத் தந்தார். ஐந்து நட்சத்திரம்.'

மேனேஜர் அவளைக் கூப்பிட்டார்.

"இது உங்க சொந்தக்காரர் லாட்ஜ்தானே?"

"அக்கா வீட்டுக்காரர் சார்." அவளுக்குக் காது சுட்டது.

"நீங்களே பேசிப் பாருங்க. சரிவரலன்னா தளத்துலேர்ந்து தூக்கிடலாம்."

அதற்குள் மாமாவின் லாட்ஜ், தளத்தின் பட்டியலில் யாரும் எட்டிப் பார்க்காத கடைசிப் பக்கத்துக்குப் போயிருந்தது. விஷயத்தைச் சொன்னதும் மாமா முறைத்தார்.

"போட்டுக் குடுத்துட்டியா?"

"நானா? உங்களப் புகழ்ந்தவர்தான் போட்டுக் குடுத்தாரு!"

அக்கா விழுந்து விழுந்து சிரித்தாள். மாமா ஒரு வாரம் இருவரிடமும் பேசவில்லை.

இனி இணையத்திலிருந்து ஒரு ஈ, காக்கை கூட வராது என்று முடிவு கட்டிய மாமா, போனில் கேட்ட சாலை அளக்கும் இன்ஜினியர் கும்பலுக்கு அறைகளை மொத்தமாகக் கொடுத்துவிட்டார். பழைய பதிவுகள் அப்படியே இருக்கும் என்பது அவர் புத்தியில் உறைக்கவில்லை. ஒரு மத்தியானம் வாலிபால் விளையாடும் பெண்கள், பயிற்சியாளர் அம்மாவோடு, ஆளுக்கொரு மூட்டையாக வரவேற்பறையில் வந்து இறங்கினார்கள். எப்போதோ பதிவு செய்த நான்கு அறைகள். சாவிப் பலகை துடைத்துப் போட்டது மாதிரி இருந்தது.

மாமா அவளுக்கு போன் செய்தார். "கோவத்த எல்லாம் அப்புறம் வச்சுக்கலாம். மொதல்ல வாம்மா."

ஓட்டமும் நடையுமாக வந்தாள். போட்டி நடப்பதால் ஊரே நிரம்பியிருந்தது. வரிசையாக லாட்ஜ்களுக்கு போன் போட்டாள். அவளைக் கண்டால் ஒளிகிறவர்கள்தான்; "நீ கேட்டு இல்லன்னு சொல்வேனா?" என்று ஒருவர் ஓர் அறை தந்தார், இன்னொருவர் இரண்டு. நான்காவது அறை எதிர் லாட்ஜில்தான் இருந்தது. வண்டி நிறுத்தும் இடத்துக்காகச் சண்டை போட்டு, மாமா அந்த முதலாளியின் முகத்தில் விழித்தே வருஷக்கணக்காகிவிட்டது.

"நீங்களே போய்க் கேளுங்க" என்றாள் அவள்.

மாமா இரண்டு மூட்டைகளைத் தோளில் போட்டுக்கொண்டு தெருவைக் கடந்தார். எதிர் லாட்ஜ்காரர் அவரை ஏற இறங்கப் பார்த்தார்.

"என்ன, போர்ட்டர் வேலைக்குப் போயிட்டீங்களா?"

"உங்ககிட்ட வேல காலி இருந்தா சொல்லுங்க" என்றார் மாமா. இருவரும் சிரித்துவிட்டார்கள்.

தாமதத்துக்கு ஈடாக அக்கா எல்லாப் பெண்களையும் மொட்டை மாடிக்குக் கூட்டிப் போய் வயிறு முட்டச் சாப்பாடு போட்டாள். துணி காயப்போடும் கயிறு வலையாகிவிட்டது. பந்து இரண்டு முறை தெருவில் விழுந்தது. இரண்டு முறையும் எடுத்துக் கொடுத்தது எதிர் லாட்ஜ்காரர்தான்.

அன்று மாலை தங்கை மாமாவிடம் பொறுமையாகச் சொன்னாள். "மொதல் தடவ வர்றவர நாங்க கூட்டிட்டு வர்றோம், அதுக்குத்தான் கமிஷன். நல்லா கவனிச்சு அனுப்புங்க. அடுத்த தடவ அவரே உங்களத் தேடி போன் பண்ணா அது முழுக்க உங்களுது. எங்க புக்கிங்க மட்டும் பிடுங்காதீங்க."

"இத அன்னிக்கே சொல்லியிருக்கலாம்ல?"

"சொன்னேன். நீங்க மெத்தையப் பத்திப் பேசிட்டிருந்தீங்க."

மேனேஜர் இன்னொரு வாய்ப்புத் தந்தார்; மாமாவின் லாட்ஜ் மறுபடி தளத்தின் முதல் பக்கத்துக்கு வந்தது. அறைக் கணக்கை அக்கா தன் போனுக்கு மாற்றிக்கொண்டாள். ஓர் அறை நிரம்பினால் அடுத்த நிமிஷமே தளத்தில் மூடிவிடுவாள். மாமாவுக்கு வருபவர்களிடம் வாயாடும் பொறுப்பு மட்டும் கிடைத்தது. அதில்தான் அவர் கெட்டிக்காரர்.

மறு வாரம் அவள் அந்தச் சந்துக்குள் நுழைந்தபோது எதிர் லாட்ஜ்காரர் படியிறங்கி வந்து வழிமறித்தார். "அவர் லாட்ஜ் படம் மட்டும் பெரிசா வருதாமே, என்னுது எப்ப வரும்?" என்று கேட்டார். அவள் அங்கேயே பையைத் திறந்து ஒப்பந்தத் தாளையும் பேனாவையும் எடுத்தாள். மாமா தன் வாசலில் நின்றபடி, "மெத்தைய நல்லா தட்டிப் போட்டுப் படம் புடிக்கச் சொல்லுங்க!" என்று கத்தினார்.