ஜோதிலிங்கத்தின் பத்து நகங்கள்

ஞாயிற்றுக்கிழமை பதினொரு மணிக்கு ஜோதிலிங்கம் ஜன்னல் திரையை இழுத்துவிடுகிறார். டில்லி ஆர்.கே. புரம் குடியிருப்பு முழுக்க டிசம்பர் வெயிலில் நாற்காலி போட்டு வேர்க்கடலை உரித்துக்கொண்டிருக்கும் நேரம் அது. இவர் மட்டும் டியூப்லைட்டைப் போட்டுக்கொண்டு, சாப்பாட்டு மேஜையில் பழைய செய்தித்தாளை விரிக்கிறார். அதன்மேல் நாலு சின்னப் புட்டிகள், நகம் தேய்க்கும் அட்டை, ஸ்பிரிட்டில் நனைத்த பஞ்சு. ஓரத்தில், கை நுழைகிற அளவுக்கு வாயைத் திறந்துகொண்டு ஒரு வெள்ளை விளக்கு.

“வெயில் பட்டா ஜெல்லு புட்டிக்குள்ளயே இறுகிரும் சார். அதுக்குத்தான் திரை. வேற ரகசியம் ஒண்ணும் இல்ல” என்று எதிர் வீட்டுக்காரனான என்னிடம் சொல்லியிருக்கிறார். அப்படியானால் கதவுக்கு எதற்குத் தாழ்ப்பாள் என்று நான் கேட்டதில்லை.

வயது ஐம்பத்து நாலு. மத்திய அமைச்சகம் ஒன்றில் செக்‌ஷன் ஆபீசர். அம்பாசமுத்திரத்திலிருந்து பரீட்சை எழுதி டில்லிக்கு வந்து முப்பது வருடமாகிறது. கட்டம் போட்ட முழுக்கைச் சட்டை, காதை மூடிய மப்ளர், பையில் எப்போதும் இரண்டு பேனா. இப்படி ஒருவர், பதினைந்து நாளைக்கு ஒருமுறை தன் பத்து விரல் நகங்களுக்கும் தானே ஜெல் பூச்சுப் போட்டுக்கொள்கிறார் என்றால் பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்திருப்பவர்கூட நம்பமாட்டார். நிறமில்லாத ஜெல். பளபளப்பும் தெரியக் கூடாது என்று மேலே மங்கலான டாப் கோட். கையைப் பிடித்து வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தாலொழிய தெரியாது. அவர் கையை யாரும் பிடித்துத் திருப்பிப் பார்க்கப்போவதில்லை. ஏனென்றால் அவர் கையை யாருக்கும் காட்டுவதில்லை.

ஜோதிலிங்கம் நகம் கடிப்பவர். ஆறாம் வகுப்பில் கணக்கு வாத்தியாருக்குப் பயந்து தொடங்கியது, பிறகு ஒவ்வொரு மேலதிகாரிக்கும் பயந்து தொடர்ந்தது. நகம் தீர்ந்தால் நகத்தைச் சுற்றியிருக்கும் தோல். கல்யாண ஆல்பத்தில் எந்தப் படத்தைப் பார்த்தாலும் மாப்பிள்ளையின் கை மாலைக்குள் ஒளிந்திருக்கிறது. கடையில் சில்லறை வாங்கும்போது கையை மூடியபடியே நீட்டிக் கடைசி நொடியில்தான் திறப்பார். எதையாவது சுட்டிக்காட்ட வேண்டுமானால் பேனாவால் காட்டுவார். இரண்டு பேனா அதற்குத்தான், ஒன்று தொலைந்தால் இன்னொன்று.

அவர் மனைவி செல்வி இருபத்தேழு வருடத்தில் அதிகம் சொன்ன வாக்கியம், “கைய எடுங்க.” டிவி பார்க்கும்போது, ரயிலில், துக்க வீட்டில், சமையலறையில் முதுகைக் காட்டி நின்றபடிகூட. “நான் திரும்பிப் பாக்கவே வேண்டாம் சார். பேச்சுச் சத்தம் நின்னுட்டுன்னா வாயில கை போயிட்டுன்னு அர்த்தம்” என்கிறார்.

மூன்று வருடத்துக்கு முன் வலது ஆள்காட்டி விரலில் நகச்சுத்தி வந்தது. விரல் கத்திரிக்காய் மாதிரி வீங்கியது. அரசு ஊழியர் மருந்தகத்து டாக்டர் மாத்திரை கொடுத்து, மறுபடி கடித்தால் அடுத்த தடவை கத்திதான் என்று சொல்லி அனுப்பினார். அது போதாதென்று செல்வி ஓர் எலுமிச்சம்பழத்தில் துளை போட்டு விரலில் செருகிவிட்டார். ஜோதிலிங்கம் அதோடு ஆபீசுக்குப் போனார். எலுமிச்சம்பழ விரலை நிமிர்த்திக்கொண்டு, மற்ற விரல்களால் பேனாவைப் பிடித்துக் கோப்புகளில் கையெழுத்துப் போட்டார். சாயங்காலத்துக்குள் ‘நிம்பு சாப்’, எலுமிச்சை ஐயா, என்று பெயர் விழுந்துவிட்டது. வைத்தவன் ராம்பால், தேநீர் கொண்டுவருகிற ஒப்பந்த ஊழியன். எலுமிச்சம்பழம் மூன்றாம் நாள் போனது. பெயர் போகவில்லை.

விரல் ஆறியதும் மகள் பிரியதர்ஷினி அவரை மேஜையில் பிடித்து உட்காரவைத்தாள். டில்லியிலேயே பிறந்து வளர்ந்தவள். பார்லருக்குப் போகாமல் வீட்டிலேயே ஜெல் போட்டுக்கொள்ள ஆன்லைனில் ஒரு டப்பா வாங்கி வைத்திருந்தாள். “அப்பா, இது போட்டா நகம் பத்தர் மாதிரி ஆயிடும். கடிக்க டிரை பண்ணுங்க, பல்லுதான் டூட் ஆகும்.” நகம் கல்லாகிவிடும், உடைவது பல்லுதான் என்கிறாள்.

போட்டு முடித்ததும் அவர் கடித்துப் பார்த்தார். “எவர்சில்வர் டம்ளர் விளிம்பக் கடிச்ச மாதிரி இருந்துச்சு சார். பல்லு வழுக்கிட்டு ஓடுது. பிடி கிடைக்கல.” அன்றைக்கு நாள் முழுக்க அவருக்கு என்ன செய்வதென்று தெரியவில்லையாம். வேலையில்லாத கை மடியில் கிடந்ததைப் பார்த்துக்கொண்டே இருந்திருக்கிறார். எட்டாம் நாள் நகத்தின் ஓரத்தில் வெள்ளையாக ஒரு பிறை எட்டிப்பார்த்தது. செல்வியைக் கூப்பிட்டுக் காட்டினார். செல்வி விளக்கு வைத்த நேரம் என்றும் பாராமல் அழுதுவிட்டதாக அவர் சொல்கிறார். செல்வி, வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தேன் என்கிறார்.

பிரியதர்ஷினி வேலை கிடைத்துப் புனேவுக்குப் போனபோது டப்பாவை அப்பாவிடமே விட்டுவிட்டுப் போனாள். அதன் பிறகு எல்லாம் அவர் கையாலேயே. முதல் இரண்டு தடவை மூன்றாம் நாளே பூச்சு தூக்கிக்கொண்டது. வீடியோ காலில் மகள் திட்டினாள், “மோட்டா போடாதீங்க அப்பா. பத்லா, பத்லா.” மெல்லிசாக, இன்னும் மெல்லிசாக. அதிலிருந்து அவர் ஒரு முறை வகுத்துக்கொண்டார். நகத்தின் அடியிலிருக்கும் சவ்வைக் குச்சியால் பின்னுக்குத் தள்ளுவது, நகத்தின் எண்ணெய்ப் பளபளப்புப் போக அட்டையால் லேசாகத் தேய்ப்பது, ஸ்பிரிட்டால் துடைப்பது. துடைத்தபின் அந்த நகத்தை எதிலும் படவிடமாட்டார், மூக்கு அரித்தாலும் செல்வியைத்தான் கூப்பிடுவார். பிறகு பேஸ் கோட். தோலில் பட்டால் குச்சியால் உடனே வழித்துவிட வேண்டும், இல்லாவிட்டால் அங்கிருந்துதான் உரியும். தூரிகையால் நகத்தின் நுனி விளிம்பையும் ஒரு இழு இழுத்து மூடிவிடுவார். “பல்லு உள்ள நுழையுற வாசல் அதுதான சார். அத அடச்சாச்சுன்னா முடிஞ்சுது.” நாலு விரலை விளக்குக்குள் வைத்து அறுபது எண்ணுவார். கட்டைவிரல் மட்டும் தனியாக, படுக்கவைக்காமல் நேராக. “சேத்து வச்சா அது சாஞ்சுக்கிட்டு நிக்கும். ஓரத்துல வெளிச்சம் படாது. கட்டவெரலு சூப்பிரண்ட் மாதிரி, தனி ரூம் கேக்கும்.”

வலதுகைக்காரர் என்பதால் வலதுகை நகங்களை இடதுகையால் போட வேண்டியிருக்கிறது. அதை முதலில் முடித்துவிடுகிறார். கஷ்டமானதைக் கை ஓய்வதற்கு முன் செய்துவிட வேண்டுமாம்.

போன ஜனவரியில் நடந்ததைச் சொல்ல வேண்டும்.

ஒரு திங்கட்கிழமை, புதிதாக வந்திருந்த கூடுதல் செயலர் அம்மையார் கூட்டம் வைத்திருந்தார். முந்தின நாள் ஜோதிலிங்கம் குடும்பத்தோடு காஜியாபாத்தில் ஒரு கல்யாணத்துக்குப் போய்விட்டதால் ஞாயிற்றுக்கிழமை வேலை நடக்கவில்லை. பழைய பூச்சு இரண்டு விரலில் தூக்கியிருந்தது. அந்த இரண்டு விரலோடு அந்தக் கூட்டத்தில் உட்கார்ந்தால் என்ன ஆகும் என்று அவருக்குத் தெரியும். விடியற்காலை ஐந்து மணிக்கு எழுந்து, ஹீட்டரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, அசிட்டோனால் பழசை எடுத்துவிட்டுப் புதிதாகத் தொடங்கினார். பேஸ் கோட் ஆயிற்று. அடுத்து நிறமில்லாத ஜெல்லைப் போடும்போதுதான் புட்டி காலி என்று தெரிந்தது. டப்பாவின் அடியில் மகள் விட்டுப்போன இன்னொரு புட்டி கிடந்தது. லேபிள் அழிந்திருந்தது. ஹீட்டருக்குப் பக்கத்தில் வைத்துத் திறந்து பார்த்தார். தண்ணீர் மாதிரி நிறமில்லாமல் இருந்தது. பத்து நகத்துக்கும் போட்டார். டாப் கோட் போட்டுக் காயவைத்துத் துடைத்து, கையுறையை மாட்டிக்கொண்டு, மூடுபனியில் பஸ் ஏறிப் போய்விட்டார்.

கூட்ட அறையில் அன்றைக்கு ஹீட்டர் வேலை செய்யவில்லை. எல்லோரும் கோட்டோடு உட்கார்ந்திருந்தார்கள். ஜோதிலிங்கம் கையுறையைக் கழற்றி, பழக்கப்படி கையை மேஜைக்கு அடியில் வைத்துக்கொண்டார். டைரக்டர் ஒருவர் பேசினார். ஆளில்லாமல் காலியாகக் கிடக்கும் இடங்கள் என்று பதினொன்றைக் காட்டி, அவற்றை ரத்து செய்துவிடலாம் என்றார். அம்மையார் பேனாவை எடுத்தார்.

அந்தப் பதினொன்றும் காலி இல்லை. ஒப்பந்த ஊழியர்கள் பதினொரு பேர் அவற்றில் வேலை பார்த்துக்கொண்டிருந்தார்கள். அட்டவணையின் கடைசிப் பக்கத்துக் குறிப்பில் அது இருந்தது. அந்த அறையில் அது தெரிந்தவர் ஒருவர்தான்.

“வாயத் தொறந்து சொல்லிட்டேன் சார், எப்படி வந்துச்சுன்னே தெரியல. மேடம், காலி இல்லன்னு சொன்னேன். அந்த அம்மா, ‘திகாயியே’ன்னு காகிதத்த என் முன்னால தள்ளிட்டாங்க. எங்க, காட்டுங்கன்னு.”

பேனாவைத் தேடினார். அவசரத்தில் இரண்டையும் தன் மேஜையிலேயே விட்டுவிட்டு வந்திருந்தார். வலதுகையை மேஜைக்கு மேலே எடுத்தார். ஐந்து நகமும் ரோஜா நிறத்தில் இருந்தன. சாதாரண ரோஜா இல்லை, மாதுளம் முத்து மாதிரி அழுத்தமான நிறம். முதலில் ரத்தம் என்று நினைத்தாராம், தன்னையறியாமல் கடித்துவிட்டோமென்று. இடதுகையை எடுத்துப் பார்த்தார். அதுவும் அப்படியே.

“திருப்பிக் கீழ வச்சிருவோமான்னு வந்துச்சு. நாப்பது வருஷமா ஒளிச்ச கை. அது இப்படியா வெளிய வரணும்? ஆனா பதினோரு பேரு சார். அதுல ஒருத்தன் எனக்கு நிம்பு சாப்னு பேரு வச்சவன். அவன நெனச்சதும் ஒரு மாதிரி சிரிப்பு வந்துட்டு. வரட்டும்னு விரல வச்சிட்டேன்.”

வைத்தார். குறிப்பின் முதல் வரியில் தொடங்கி ஒவ்வொரு பெயராக, பதினொரு வரியும் விரலை ஓட்டிப் படித்தார். அறையில் யாரும் பெயர்களைக் கேட்கவில்லை, நகத்தைத்தான் பார்த்தார்கள் என்கிறார். டைரக்டர் இருமினார். கடைசிப் பெயரில் விரல் நின்றது. அம்மையார் காகிதத்தைப் பார்த்தார், நகத்தைப் பார்த்தார், மறுபடி காகிதத்தைப் பார்த்துத் தன் பேனாவை மூடினார்.

“யே க்யா ஹை, ஜோதிலிங்கம் ஜி?”

இது என்ன என்று அவர் கேட்டது நகத்தைத்தான்.

பொய் சொல்ல வழி இருந்தது. வீட்டில் குழந்தை விளையாடியது என்று சொல்லியிருக்கலாம், மகள் விளையாட்டுக்குப் போட்டாள் என்று சொல்லியிருக்கலாம். “நகம் கடிக்கிற பழக்கம் மேடம். சின்ன வயசுலேருந்து. அதுக்கு இது மருந்து. நிறம் எப்படி வந்துச்சுன்னு தெரியல” என்று இந்தியில் சொன்னார்.

“காம் கர்தா ஹை?”

வேலை செய்கிறதா என்று கேட்கிறார்.

“ரெண்டு வருஷமா செய்யுது மேடம்.”

அம்மையார் தலையாட்டினார். பதினொரு இடத்தையும் பட்டியலிலிருந்து எடுத்துவிடச் சொன்னார். சொல்லும்போது, தன் கட்டைவிரலை மெதுவாகக் கைக்குள் மடக்கிக்கொண்டார் என்று ஜோதிலிங்கம் சொல்கிறார். நகம் கடிப்பவருக்கு நகம் கடிப்பவரைத் தெரியுமாம்.

வெளியே வந்து சூடான தேநீர்க் கோப்பையைப் பிடித்ததும் பத்து நகமும் பழையபடி நிறமில்லாமல் ஆயின. புத்தி பேதலித்துவிட்டதோ என்று பயந்து புனேவுக்கு போன் போட்டார். மகள் ஐந்து நிமிடம் சிரித்துவிட்டுத்தான் பேசினாள். “அப்பா, அது மூட் ஷேட். டண்ட் லகா தோ பிங்க், சூடு பட்டா கிளியர். அத ஏன் எடுத்தீங்க?” குளிர் பட்டால் ரோஜா, சூடு பட்டால் நிறம் போய்விடும். கூட்ட அறை மட்டும் கதகதப்பாக இருந்திருந்தால் ஒன்றும் நடந்திருக்காது.

இதையெல்லாம் கேட்டதும் செல்வி அலுமினியத் தாளைப் பத்துத் துண்டாக வெட்டி, பஞ்சையும் அசிட்டோனையும் எடுத்து மேஜையில் வைத்துவிட்டார். ஊறவைத்தால் பத்துப் பதினைந்து நிமிடத்தில் எடுத்துவிடலாம். ஜோதிலிங்கம் சாப்பிட்டுவிட்டு வந்து அதைப் பார்த்தார்.

“இருக்கட்டும். பதினஞ்சு நாள் ஆகட்டும்.”

“ஆபீசுல சிரிப்பாங்கல்லா?”

“சிரிச்சாச்சு. இனி என்ன.”

ஆபீசில் நிம்பு சாப் இப்போது குலாபி சாப், ரோஜா ஐயா, ஆகிவிட்டார். இந்தப் பெயரை வைத்ததும் ராம்பால்தான். அந்தப் பூச்சு இருந்தவரை, காலையில் தேநீரைக் கொண்டுவந்து வைத்துவிட்டு, அவர் கோப்பையைத் தொடுகிறவரை போகாமல் நின்றானாம், நிறம் மாறுவதைப் பார்க்க.

அந்தப் பதினைந்து நாளில் ஒரு நாள் நான் அவர்கள் வீட்டு பால்கனியில் இருந்தேன். வெயில் நன்றாக இருந்தது. ஜோதிலிங்கம் செய்தித்தாள் படித்துக்கொண்டிருந்தார். பக்கத்தில் கம்பளி ஸ்வெட்டரோடு உட்கார்ந்திருந்த செல்வி, கையைத் தோளுக்குப் பின்னால் கொண்டுபோய், எட்டாமல், இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் நெளிந்தார். டில்லிக் குளிரில் எல்லோருக்கும் வருகிற முதுகு அரிப்பு. ஜோதிலிங்கம் பேப்பரை மடித்துவிட்டு எழுந்தார். உள்ளே போய், அலமாரியிலிருந்து நீளக் காம்புள்ள சீப்பை எடுத்துவந்து நீட்டினார். கல்யாணமான நாளிலிருந்து அந்த வேலைக்கு அந்த வீட்டில் சீப்புத்தான்.

செல்வி சீப்பை வாங்கவில்லை. என்னை ஒரு பார்வை பார்த்தார், பிறகு நாற்காலியோடு சற்றுத் திரும்பி உட்கார்ந்து, கணவருக்கு முதுகைக் காட்டினார்.

“சீப்பு எதுக்கு” என்றார். “கொஞ்சம் எடப்பக்கமா.”