இடுப்பில் கட்டிய பேட்டரி

1991, கோடை முடிகிற சமயம். ஸ்ரீபெரும்புதூர் பஸ் நிலையம், உச்சி வெயில். தேர்தல் கூட்டத்தில் குண்டு வெடித்து அந்த ஊர் உலகத்துக்கே தெரிந்துபோய்ச் சில வாரங்கள்தான் ஆகியிருந்தன. குண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு வந்தது ஒரு பெண் என்பதே எல்லார் வாயிலும் பேச்சு.

நான் அப்போது ஆவணப்படம் எடுத்துக்கொண்டிருந்தேன். நாவல் எழுதுவதெல்லாம் பிறகு வந்தது. தொழிற்சாலை வரப்போகிறது என்ற பேச்சை நம்பி நிலத்தை விற்றுக்கொண்டிருந்த பிள்ளைப்பாக்கத்துக் குடும்பங்களைப் படம்பிடிக்கக் கிளம்பியிருந்தோம். கேமராமேன் வண்டி பிடிக்கப் போயிருந்தார். விளக்குக்கான பேட்டரிகளை வரிசையாகச் செருகிய பெல்ட் ஒன்று எங்களிடம் உண்டு. செம கனம். கையில் சுமக்க முடியாது என்று எங்கள் ஆட்கள் அதை இடுப்பில் கட்டிக்கொள்வார்கள். பழக்க தோஷத்தில் நானும் கட்டியிருந்தேன், மேலே துப்பட்டா. எந்த ஊரில் நிற்கிறோம் என்ற யோசனையே இல்லை. என் புத்தியை என்னவென்று சொல்வது.

ஒரு பஸ் கிளப்பிய காற்றில் துப்பட்டா விலகியது.

“யோவ், அந்தப் பொண்ணு இடுப்புல ஒயரு தொங்குது பாரு” என்று சோடாக்கடைப் பக்கமிருந்து ஒரு குரல் வந்தது.

அவ்வளவுதான். ஜனங்கள் விழுந்தடித்துக்கொண்டு விலகினார்கள். சற்றுத் தள்ளிப் போய் என்னைச் சுற்றி வளைத்து நின்றுகொண்டார்கள். லத்தியோடு ஓடிவந்த போலீஸ்காரர் “கைய தூக்கு, அசையாத” என்று கத்தினார். பின்னாலிருந்து இன்னொருவர் “கழட்டி எறிடி அத்த” என்றார். கழற்றலாம் என்று கையை இடுப்புக்குக் கொண்டுபோனால் கற்கள் உயர்ந்தன. கழற்றாமல் நின்றாலும் ஆபத்து. சொல்லிப் புரியவைக்கலாம் என்றால் அந்தக் கூச்சலில் என் குரல் எடுபடவில்லை. ஒரு கல் தோளில் பட்டது. இன்றைக்கு நம் கதை முடிந்தது என்றே நினைத்தேன்.

அப்போது கூட்டத்தை விலக்கிக்கொண்டு ஒரு பெண் என்னை நோக்கி நடந்து வந்தார். என் வயதுதான் இருக்கும். “ஏய், கிட்ட போவாத” என்று நாலு பேர் கத்தினார்கள். அவர் நிற்கவில்லை.

“இன்னாம்மா இது?”

“பேட்டரி... படம் எடுக்குற லைட்டுக்கு.” எப்படியோ சொல்லிவிட்டேன்.

என் முகத்தையே கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு, “கைய மேலயே வெச்சிக்கோ, நான் கழட்டறேன்” என்று குனிந்தார். பக்கிளைத் தேடிக்கொண்டே கூட்டத்தைப் பார்த்து, “சாவ வந்தவளுக்கு இப்டியா கையி காலு உதறும்? கல்ல கீழ போடுங்கய்யா” என்றார். என் பக்கம் திரும்பி, “அறிவு கீதா உனக்கு? இந்த ஊர்ல வந்து இத்த கட்டிகினு நிக்கிறியே” என்று ஒரு வாங்கு வாங்கினார். அந்தத் திட்டில்தான் எனக்கு உயிர் திரும்பியது, அழுதுவிட்டேன்.

பெல்ட்டைத் தரையில் வைத்தார். 

“உங்களுக்குப் பயமா இல்லையாக்கா?”

“இல்லாம இன்னா? அதான் கொழந்தய பூக்காரம்மா கையில குடுத்துட்டு வந்தேன்.”

அதற்குள் போலீஸ்காரர் என் கையைப் பிடித்துவிட்டார். ஸ்டேஷனில் கேமராமேன் வந்து எல்லாவற்றையும் விளக்கி, என்னை அனுப்பச் சாயங்காலம் ஆனது. திரும்ப ஓடிப் போய்த் தேடினேன். பூக்காரம்மாவுக்கும் அவர் யாரென்று தெரியவில்லை. “பஸ்ஸுக்கு நின்னுகினு இருந்துச்சி, திடீர்னு புள்ளைய என் மடியில வெச்சிட்டு உன்னாண்ட வந்துச்சி. அப்பால புள்ளைய வாங்கிகினு பஸ் ஏறி பூட்ச்சி” என்றார்.

அந்த ஆவணப்படத்தை முடித்தேன். நாலு ஊரில் காட்டினேன், பாராட்டினார்கள். எனக்கென்னவோ அதில் ஒரு பெரிய ஓட்டை இருப்பதாகவே பட்டது. படம்பிடிக்காமல் விட்ட அந்தப் பெண்ணை எழுதியாவது பார்ப்போம் என்றுதான் நாவலுக்கு வந்தேன். இன்றுவரை அவர் பிடிபடவில்லை. நான் குற்றமற்றவள் என்று உறுதியாகத் தெரிந்து அவர் வந்திருந்தால் எழுதியிருப்பேன். தெரியாமல், திரும்ப மாட்டோமோ என்று பிள்ளையை இன்னொருத்தி மடியில் வைத்துவிட்டு வந்தாரே, அந்த இடத்தில் நானாக இருந்தால் ஓரடி எடுத்து வைத்திருப்பேனா என்று யோசிக்கும்போதே ஒவ்வொரு முறையும் பேனாவை வைத்துவிடுகிறேன்.