தேரச்சில் ஒரு கொக்கி

1979-இல் பிறந்த இளவேனிலுக்கு இப்போது வயது நாற்பத்தாறு. அதில் பாதி உடைந்த இரும்போடு போயிருக்கிறது. மெக்கானிக்கல் படித்தார். அமெரிக்கா போய் உலோகவியல் படித்து, அங்கேயே பேரிங் செய்யும் ஆலை ஒன்றில் வேலை பார்த்தார். அப்பா படுக்கையில் விழுந்ததும் திண்டுக்கல் திரும்பி, நாகல் நகரில் ஒரு சோதனைக்கூடம் போட்டார். முறிந்த மில் ஷாஃப்ட்டும் அறுந்த போர்வெல் ராடும் சாக்கில் சுற்றி அவரிடம் வரும். ஏன் உடைந்தது என்று கண்டுபிடிப்பதுதான் தொழில். உடைவதற்கு முன்னால் ஒருவரும் வருவதில்லை.

"பொணத்தத் தூக்கிட்டு டாக்டர்கிட்ட வர்ற ஊருடி இது" என்று உதவியாளர் மாலதியிடம் சொல்லிச் சிரிப்பார்.

அதனால், இந்தப் பங்குனியில் நெய்க்காரப்பட்டிப் பக்கம் ஒரு கோயிலிலிருந்து கமிட்டித் தலைவர் வீரப்பன் கூப்பிட்டபோது அவருக்கே ஆச்சரியம். தேரோட்டத்துக்கு ஒரு வாரம்தான் இருந்தது. தேரின் இரும்பு அச்சுக்குப் பொறியாளர் சான்று வேண்டுமாம்.

"சும்மா ஒரு பார்வை பார்த்துட்டுக் கையெழுத்துப் போட்டீங்கன்னா போதுமுங்க."

இளவேனில் தேருக்கு அடியில் தவழ்ந்து போனார். வருடத்துக்கு ஒரு பூச்சாக அச்சில் பச்சைப் பெயிண்ட் ஏறியிருந்தது.

"இத மொதல்ல சுரண்டணும்ணே."

"நேத்துத்தானுங்க அடிச்சோம்!"

"பவுடர் அப்புன மூஞ்சில அம்மை போட்டுருக்கான்னு எப்படிப் பாக்குறது?"

பூ விற்கும் சிவனம்மாள் விடவில்லை. "ஏனுங்க, அமெரிக்காவுல தேருக்குப் பெயிண்டே அடிக்கறதில்லீங்களா?" கூட்டம் சிரித்தது.

உள்ளூர் வெல்டர் மலைச்சாமிதான் கம்பி பிரஷ்ஷோடு உள்ளே நுழைந்து பெயிண்டை எடுத்தார். அச்சின் நடுவில் ஒரு சின்னக் கொக்கி தெரிந்தது.

"இது என்னண்ணே?"

"திருஷ்டிப் பூசணிக்காய் கட்டறதுக்குங்க. முந்தி நான்தான் வெல்டிங் வெச்சேன். சாமி வேலை, காசே வாங்கலீங்க" என்றார் மலைச்சாமி, பெருமையாக.

இளவேனில் கொக்கியின் அடியை விரலால் தடவிப் பார்த்தார். அச்சின் உருக்கை முதலில் சூடேற்றாமல் வெல்டிங் வைத்தால், வைத்த இடம் கண்ணாடி போல் இறுகிவிடும். பிறகு தேர் ஓடும்போதெல்லாம் அங்கேதான் விரிசல் விடும்.

சிவப்புத் திரவத்தைப் பூசினார். சற்றுப் பொறுத்துத் துடைத்தார். மேலே வெள்ளைப் பொடியைத் தெளித்தார். திருநீறு பூசியதுபோல் அச்சு வெளுத்தது. விரிசல் இருந்தால், அதற்குள் போன சிவப்பு வெள்ளையில் ஊறி மேலே வரும். கொக்கியின் அடியிலிருந்து ஒரு மெல்லிய கோடு கிளம்பியது. எல்லோரும் பார்க்கப் பார்க்க நீண்டு அச்சைப் பாதி சுற்றிவிட்டது.

"குங்குமம் கசியற மாதிரி இருக்குதுங்க" என்றாள் சிவனம்மாள். இப்போது அவள் குரலில் கேலி இல்லை.

வீரப்பன் குனிந்து பார்த்தார். "இந்த ஒரு வருசம் மட்டும் தாங்காதுங்களா? ஊரெல்லாம் சொல்லியாச்சுங்க."

"முறியப் போறத அச்சு சொல்லிட்டாண்ணே முறியும்? தேர் சாஞ்சா வடம் பிடிக்கிற சனத்து மேலதான் சாயும். நான் கையெழுத்துப் போட மாட்டேன்."

"எதனாலங்க இப்படி ஆச்சு?" என்றார் வீரப்பன்.

மறைக்க வழியில்லை. "கொக்கி வெச்ச எடத்துல ஆரம்பிச்சிருக்கு" என்றார் இளவேனில்.

எல்லாக் கண்களும் மலைச்சாமி மேல் திரும்பின. அவர் பிரஷ்ஷைக் கீழே வைத்தார். கொக்கியைத் தொடப் போய்க் கையை இழுத்துக்கொண்டார்.

"கண்ணுபடக் கூடாதுன்னுதானுங்க வெச்சேன்."

"அந்த உருக்குல சூடேத்தாம வெல்டிங் வெக்கக் கூடாதுன்னு ஒங்களுக்கு யாரும் சொல்லலையேண்ணே" என்றார் இளவேனில். "நீங்க வெச்சீங்க. வருசா வருசம் எல்லாருமாச் சேந்து பெயிண்ட் அடிச்சு மூடியிருக்கீங்க."

மலைச்சாமியே வீரப்பனிடம் திரும்பினார். "எங்க வீட்டு ஆளுகளும் அந்த வடத்தைத்தானுங்க புடிக்கறாங்க. தேர் வேண்டாமுங்க."

வீரப்பன் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "சரி, சப்பரத்தை எறக்குங்கப்பா" என்றார்.

பங்குனி உத்திரத்தன்று தேர் நிலையிலேயே நின்றது; சாமி சப்பரத்தில் வீதி சுற்றி வந்தது. புது அச்சு இப்போது தயாராகிக்கொண்டிருக்கிறது. ஆவணியில் வெள்ளோட்டம். அதற்கு முதல் நாள் இளவேனில் போய் அச்சைச் சோதிப்பார். பெயிண்ட் அதற்குப் பிறகுதான். பூசணிக்காயை மலைச்சாமி கயிற்றில் கட்டுவார்.