சலூன் கண்ணாடியில் கோடு போட்ட சிலந்தி

முடிதிருத்துகிறவர் என்றால் வாய் ஓயாது என்பார்கள். இவருக்கு நேர்மாறு. கத்தரி பேசும், அவர் பேச மாட்டார். தலையைக் குனியச் சொல்லவும் பிடரியில் விரலால் லேசாகத் தட்டுவதோடு சரி. ‘சைலன்சர்’ என்றுதான் வாடிக்கையாளர்கள் பெயர் வைத்திருந்தார்கள். மாடிப்படிக்குக் கீழே இரண்டு நாற்காலி போட்ட சின்னக் கடை. இரண்டாவது நாற்காலி அவருடைய மனைவியின் தம்பிக்கு. அரட்டைப் பிரியர்களெல்லாம் அந்தப் பக்கமே காத்துக் கிடப்பார்கள்.

ஆள் வராத ஒரு மத்தியானம் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தார். ஓரத்தில் சுண்டுவிரல் நகமளவு ஒரு சிலந்தி. கறுப்பு உடம்பில் வெள்ளைக் கோடுகள். துணியைக் கிட்டே கொண்டுபோனார். அது ஓடவில்லை. திரும்பி அவரைப் பார்த்தது. சீப்பை இடது பக்கம் நகர்த்தினார், இடது பக்கம் திரும்பியது. வலது பக்கம் கொண்டுபோனார், வலது பக்கம் திரும்பியது. அந்தக் கண்ணாடிக்கு முன்னால் உட்காருகிற அத்தனை பேரும் தங்கள் முகத்தைத்தான் பார்ப்பார்கள். அவரைப் பார்த்த முதல் ஜீவன் இதுதான்.

மச்சான் துடைப்பத்தோடு வந்தான். “தள்ளுங்க மாமா. விட்டா கடை பூரா ஒட்டடை கட்டிடும்.”

“இருடா. பாக்குது பாரு.”

“யாரை?”

“என்னைத்தான்.”

மச்சான் அவரை ஒரு தினுசாகப் பார்த்துவிட்டுத் துடைப்பத்தைக் கீழே வைத்தான்.

அன்றைக்கே போனில் படம் எடுத்து, சிலந்திப் பிரியர்களின் குழு ஒன்றில் போட்டார். குழுவை நடத்துகிற அம்மாள் கல்லூரியில் விலங்கியல் பாடம் எடுப்பவர். முதுகை மட்டும் காட்டினால் போதாது, முகம் வேண்டும் என்று எழுதினார். பக்கத்துக் கடை வாட்ச் ரிப்பேர்க்காரரிடம் கண்ணில் மாட்டும் லென்சை இரவல் வாங்கி, போன் கேமரா மேல் வைத்துப் படம் எடுத்தார் இவர். முன்வரிசையில் நான்கு கண்கள். நடுவில் இரண்டு, லாரி விளக்கு மாதிரி. மீதி நான்கும் தலைமேல் பின்னால் தள்ளி. இந்தக் கண் வரிசை இருந்தால் தாவும் சிலந்திதான், யோசிக்கவே வேண்டாம் என்று பதில் வந்தது. அது வலை கட்டி இரை பிடிக்காது, பாய்ந்துதான் பிடிக்கும். ஒட்டடைக்குப் பொறுப்பு வேறு யாரோ. அதை அவர் மச்சானுக்கு உரக்கப் படித்துக் காட்டியபோது, நாற்காலியில் உட்கார்ந்திருந்த வாடிக்கையாளர் தலையைத் திருப்பி, இவருக்குக் குரல் இருக்கிறதா என்று கேட்டார்.

கொஞ்ச நாளில் கதவோரம் இன்னொன்று தென்பட்டது. பழுப்பு நிறம், சற்றுப் பருமன். இரண்டாவது இனம் கிடைத்துவிட்டது என்று குழுவில் மார்தட்டிக்கொண்டார். அந்த அம்மாள் பொறுமையாகத் திருத்தினார்: இரண்டும் ஒரே இனமாகத்தான் தெரிகிறது, கறுப்பு ஆண், பழுப்பு பெண். ஆணுக்கு வாயருகே இருக்கும் குட்டிக் கைகள் குத்துச்சண்டைக்காரர் கையுறை மாட்டியது போல நுனியில் உப்பியிருக்கும். பெண்ணுக்கு நடு முதுகில் வெளிர்ப் பட்டை ஒன்று ஓடும், பின்பக்கம் இரண்டு வெளிர்ப் புள்ளிகள் இருக்கும்.

அவருக்கு மனசு ஒப்பவில்லை. வீட்டில் மனைவியிடம் இரண்டு படத்தையும் காட்டினார். “சாடையே ஒத்துப்போகலையே, எப்படி ஜோடியா இருக்கும்?”

அவள் படங்களைப் பார்த்தாள், அவரையும் பார்த்தாள். “நம்ம ரெண்டு பேரையும் தனித்தனியாப் பாத்தா ஜோடின்னு யாராவது சொல்லுவாங்களா?”



ஒரு சிக்கல் மிச்சம் இருந்தது. இதே மாதிரி கோடு போட்ட உறவுக்காரச் சிலந்திகள் வேறு உண்டாம். அடித்துச் சொல்ல வேண்டுமானால் ஆணின் அந்தக் குட்டிக் கையை நுண்ணோக்கியில் பார்க்க வேண்டும்; அதற்குச் சிலந்தியை எரிசாராயத்தில் போட வேண்டும். அதைக் கொல்ல மாட்டேன் என்று ஒரே வரியில் எழுதிவிட்டார். அப்படியானால் ‘அனேகமாக’ என்றே இருக்கட்டும் என்று அந்த அம்மாளும் விட்டுவிட்டார்.

பிறகொரு நாள் டாக்சி டிரைவர் ஒருவருக்குச் சவரம் பாதி முடிந்திருந்தது. கண்ணாடியில் பழுப்புக்காரி உட்கார்ந்திருக்க, கோடு போட்டவன் முன்னங்கால்களைத் தூக்கிக்கொண்டு இப்படியும் அப்படியும் வளைந்து வளைந்து ஆட ஆரம்பித்தான். கத்தி அந்தரத்தில் நின்றது. டிரைவர் கோபிக்கவில்லை. பாதி முகம் நுரையோடு அவரும் முன்னால் சாய்ந்தார். மச்சான் தன் வாடிக்கையாளரை விட்டுவிட்டு வந்து, “சம்மதிக்குமா மாமா?” என்று கிசுகிசுத்தான். பழுப்புக்காரி சற்று நேரம் பார்த்துவிட்டு அலமாரிப் பக்கம் ஒரே தாவாகத் தாவிப் போய்விட்டாள். கடையில் எல்லோருக்கும் முகம் தொங்கிப்போயிற்று. “இன்னைக்கு இல்லைன்னா நாளைக்கு” என்று டிரைவர்தான் தேற்றினார், நுரை காய்ந்துபோன வாயோடு.

மழைக்காலம் முடிகிற சமயம், கோடு போட்டவன் பவுடர் டப்பா அருகே கால்களை மடக்கிக்கொண்டு கிடந்தான். ஆயுசு அவ்வளவுதான். அன்றைக்கு அவர் பழையபடி மௌனமாகவே வேலை செய்தார். விடுமுறை நாளில், குட்டிப் புட்டியில் எரிசாராயம் ஊற்றி, அவனைப் பத்திரமாக அந்த அம்மாளிடம் எடுத்துப் போனார். அவர் நுண்ணோக்கியைச் சரிசெய்து இவரை உட்காரவைத்தார். உப்பிய குட்டிக் கை. அதன் ஓரத்தில் முள் போல ஒரு நீட்டம். அந்த அம்மாள் புத்தகத்தில் காட்டிய படத்தோடு அப்படியே பொருந்தியது. ‘அனேகமாக’ போய்விட்டது. பெயர் பிளெக்சிப்பஸ் பேக்குல்லி.

பஸ்ஸில் வரும்போது வாய்விட்டுச் சொல்லிச் சொல்லிப் பழகினார். பக்கத்தில் இருந்தவர் கொஞ்சம் நகர்ந்து உட்கார்ந்தார். மருந்துக் கடையில் கேட்கிற பெயர் மாதிரி இருக்கிறது என்றாள் மனைவி.

இப்போது அவர் பக்கத்தில்தான் கூட்டம். ஒரு தலை முடிய ஒரு மணி நேரம் ஆகிறது என்று மச்சான் அலுத்துக்கொள்கிறான். வாடிக்கையாளர்கள் தீப்பெட்டியில் எதையாவது பிடித்து வருகிறார்கள். போன வாரம் பேக்கரிக்காரர் கொண்டுவந்ததை எறும்பு என்று எல்லோரும் சிரித்தார்கள். அது முன்னங்கால் இரண்டையும் மீசை மாதிரித் தூக்கி ஆட்டிக்கொண்டிருந்தது.

“காலை எண்ணுங்க” என்றார் அவர்.

கழுத்தில் துண்டோடு பேக்கரிக்காரர் எண்ணினார். நம்பிக்கையில்லாமல் மறுபடி எண்ணினார். “எட்டு வருதே!”

“அதான். எறும்புக்கு ஆறுதான். இப்ப முகத்தைப் பாருங்க.”