மகள் புலம்பல்

செத்தவர்களைப் பற்றிப் பாட்டுக் கட்டுவதில் எனக்குப் பினாங்கில் நல்ல பெயர் இருந்தது. பகலில் அரசாங்க அலுவலகத்தில் இங்கிலீஷ் கடிதங்களை நகலெடுக்கும் கிளார்க். மாலையில், எங்கள் யாழ்ப்பாணத்து ஆட்களின் வீட்டில் சாவு விழுந்தால், கவிஞன். கலியாணத்துக்கு வாழ்த்துப்பா எழுதித் தா என்று என்னை யாரும் கேட்டதில்லை. என் முகத்தைப் பார்த்தால் இழவு வீடுதான் ஞாபகம் வரும்போல.

எங்கள் ஆட்களிடம் ஒரு வழக்கம் உண்டு. ஒருவர் இறந்தால், முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக் கிரியைக்குள் அவரைப் பற்றி ஒரு சிறு புத்தகம் அச்சடித்து, வந்தவர்களுக்குக் கொடுக்க வேண்டும். ஊரிலுள்ள சொந்தக்காரருக்கும் கப்பலில் அனுப்ப வேண்டும். கல்வெட்டு என்று அதற்குப் பெயர். முதலில் பிள்ளையார் காப்பு, பிறகு இறந்த திதியைச் சொல்லும் வெண்பா, பிறகு வம்ச வரலாறு, கடைசியில் புலம்பல்கள். கணவர் புலம்பல், மகன் புலம்பல், மகள் புலம்பல், மருமக்கள் புலம்பல் என்று ஒவ்வொருவர் வாயிலும் நான் பாட்டு வைப்பேன். ஒரு சொட்டுக் கண்ணீர் விடாத மருமகனும் என் புத்தகத்தில் தரையில் புரண்டு அழுவான். கடலுக்கு அப்பால் இருந்த மகளும் தாயின் காலைப் பிடித்துக் கதறுவாள். இறந்தவர் எந்த நோயில் எப்படித் துடித்திருந்தாலும் சரி, என் கல்வெட்டில் மலர்ந்த முகத்தோடு சிவன் பேரைச் சொல்லியபடிதான் போவார். இது பொய்யென்று யாரும் சொன்னதில்லை. எல்லோரும் கண்ணைத் துடைத்துக்கொண்டு வாசித்தார்கள்.

சொன்னவள் என் மனைவி ஒருத்திதான். ஊரில் மிஷன் பள்ளிக்கூடத்தில் படித்தவள். கடைத்தெருப் பக்கத்து அச்சுக்கூடத்திலிருந்து நான் கொண்டுவரும் புரூப்பை அவள்தான் திருத்தித் தருவாள். அடுப்படியில் குந்தியிருந்து வாசித்துக்கொண்டே, இந்த மாதம் எத்தனை பேரைச் சிரிக்க வைத்து அனுப்பியிருக்கிறீர்கள் என்று கேட்பாள். நான் கோபித்துக்கொள்வேன். உள்ளுக்குள் எனக்கும் சிரிப்பு வரும்.

டத்தோ கிராமாட்டில் வரிசை வீடு ஒன்றில் குடியிருந்தோம். எங்கள் மகளுக்கு நாலு வயது நடந்தபோது மனைவிக்கு இருமல் பிடித்தது. மழைக்கால இருமல் என்றோம். மழை விட்டது, இருமல் விடவில்லை. டாக்டர் முதுகில் காதை வைத்துக் கேட்டுவிட்டு, அவளை வெளியே இருக்கச் சொல்லி, என்னிடம் தனியாகச் சொன்னார். கசம், காசநோய். இரண்டு நுரையீரலிலும் பிடித்திருந்தது. மீன் எண்ணெய், முட்டை, ஆட்டுப்பால், திறந்த ஜன்னல் என்று சொல்லி அனுப்பினார். மருந்து என்று அவரிடமே ஒன்றும் இருக்கவில்லை.

பிள்ளையை வீட்டில் வைத்திருக்கக் கூடாது என்றார்கள். எங்கள் ஆபீஸில் ஒருவர் குடும்பத்தோடு லீவில் ஊருக்குப் போகவிருந்தார். அவர்களோடு மகளைக் கொழும்புக் கப்பலில் ஏற்றி, யாழ்ப்பாணத்தில் என் தமக்கையிடம் சேர்ப்பது என்று முடிவானது. புறப்படும் காலையில் மனைவி வீட்டு வாசலுக்கு வந்து, அஞ்சடி நடைபாதையின் தூணைப் பிடித்துக்கொண்டு தள்ளி நின்றாள். பிள்ளையைத் தொடவில்லை. பிள்ளைக்கு ரிக்ஷாவில் போகிற சந்தோஷம். திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. ரிக்ஷா தெருமுனை தாண்டும்வரைக்கும் அவள் இருமலை அடக்கிக்கொண்டே நின்றாள், பிறகு உட்கார்ந்துவிட்டாள். அன்று எனக்கு வந்த ஆத்திரம் யார்மேல் என்று இன்றுவரை தெரியாது.

அதற்குப் பிறகுதான் அவள் எழுதத் தொடங்கினாள். பள்ளிக்கூடப் பிள்ளைகள் வைத்திருக்கும் நீல அட்டைக் கொப்பி ஒன்றை வாங்கி வரச் சொன்னாள். முன்னறையில் ஜன்னலோரம் கட்டில். தலையணையை மடியில் வைத்து, அதன்மேல் கொப்பியை வைத்து எழுதுவாள். ஒரு மாதம் கழித்து என்னைக் கூப்பிட்டுச் சொன்னாள்.

"உங்கடை புத்தகத்திலை எல்லாரும் அழுகினம். செத்தவைக்கு மட்டும் ஒரு வரியும் இல்லை. என்ரை கல்வெட்டிலை எனக்கு ஒரு பக்கம் விடுங்கோ. நான் எழுதினதிலை ஒரு பக்கத்தை அப்பிடியே போடுங்கோ. பிள்ளை வளர்ந்து வாசிக்கட்டும்."

இப்படிப் பேசாதே என்று நான் சொல்லவில்லை. அப்படிச் சொல்லும் கட்டத்தைத் தாண்டிவிட்டிருந்தோம். போடுகிறேன் என்று வாக்குக் கொடுத்தேன்.

கொப்பியைத் துணியால் பிடித்து என்னிடம் நீட்டினாள். நான் ஓரத்தை இரண்டு விரலால் பிடித்து வாசித்துவிட்டு, பின்கட்டுக்குப் போய்க் கார்பாலிக் சோப்புப் போட்டுக் கையைக் கழுவினேன். கழுவும் சத்தம் அவளுக்குக் கேட்டிருக்கும். வீடு அவ்வளவு சின்னது.

அந்தக் கொப்பியில் பக்தி இல்லை, தத்துவம் இல்லை. காலையில் வந்த இரத்தம் ஒரு தேக்கரண்டியா இரண்டா என்று இருந்தது. பக்கத்து வீட்டுப் பெண் துணி பிழிவதைப் பார்க்கும்போது அந்தக் கைகளின்மேல் பொறாமையாக இருக்கிறது என்று இருந்தது. மீன்காரன் வந்து போன சத்தம், பொரித்த மீன் சாப்பிட ஆசை, சாப்பிட்டால் வாந்தி. சாக எனக்கு விருப்பமில்லை என்று ஒரு வரி, தனியாக. பிள்ளைக்கு என் முகம் மறந்துபோகும், மறக்கட்டும், ஆனால் நான் விரும்பி அவளை அனுப்பவில்லை என்று தெரிய வேண்டும் என்று இன்னொரு வரி. இவ்வளவுதான் எனக்கு இன்று நினைவிருக்கிறது.

வாசித்து முடித்தேன், இன்னும் கை கழுவப் போகவில்லை. அப்போதாவது வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம். நான் பென்சிலை எடுத்தேன். அவளுடைய அந்த ஒற்றை வரிக்குப் பக்கத்தில், இதை இன்னும் கொஞ்சம் அழகாகச் சொல்லலாம் என்று எழுதி, எப்படிச் சொல்லலாம் என்றும் இரண்டு அடி கட்டிக் காட்டினேன். வாடிய கொடி என்று தொடங்கியதாக ஞாபகம். பெண்சாதி சாகக் கிடக்கிறாள், எனக்கு எதுகை மோனை கேட்கிறது.

அவள் அதைப் பார்த்தாள். கோபிக்கவில்லை. கொப்பியை மூடித் தலையணை உறைக்குள் செருகினாள்.

"நான் மலர்ந்த முகத்தோடை போகேல்லை எண்டு ஒருத்தருக்கெண்டாலும் தெரியவேணும்," என்றாள்.

அதற்குப் பிறகு கொப்பியை என்னிடம் காட்டவில்லை. எழுதுவதை நிறுத்தவும் இல்லை. நான் ஆபீஸுக்குப் போனதும் எழுதுவாள், வரும்போது உறைக்குள் போய்விடும். கை நடுங்கத் தொடங்கிய பிறகும் ஒரு நாளைக்கு நாலு வரியாவது எழுதினாள் என்று பக்கத்து வீட்டுப் பெண் சொன்னாள். துணி பிழியும் கைகளைப் பார்த்து மனைவி பொறாமைப்பட்ட அதே பெண்தான். அந்த வீட்டார் கத்தோலிக்கர்கள். கசம் என்று தெரிந்ததும் எங்கள் ஆட்கள் வாசலோடு நின்று நலம் விசாரித்துப் போனார்கள். அவள் மட்டும் உள்ளே வந்து கஞ்சி கொடுத்து, மேல் துடைத்துவிட்டுப் போவாள்.

மனைவி போனது ஒரு பகலில், நல்ல மழை. நான் பக்கத்தில் இருந்தேன். முகம் மலரவில்லை. மூச்சுக்காக வாய் திறந்து திறந்து மூடியது, கழுத்து நரம்பு கயிறுபோல் நின்றது. சிவன் பேரைச் சொல்லவில்லை. பிள்ளையின் பேரையும் சொல்லவில்லை. ஜன்னலைத் திறவுங்கோ என்று மட்டும் சொன்னாள். ஜன்னல் திறந்துதான் இருந்தது. சாரல் உள்ளே அடித்துக்கொண்டிருந்தது. திறந்திருக்கிறது என்று நான் சொல்லச் சொல்ல, அவள் திரும்பத் திரும்ப அதையே கேட்டாள். பிறகு கேட்கவில்லை.

அவளுடைய தமையன் சுங்கை பாக்காப்பிலிருந்து வந்து சேர்ந்தார். தோட்டத்து ஆபீஸில் பெரிய கிராணி, எதையும் முடிவு செய்து பழகியவர். தகனம் முடிந்த மறுநாள் கட்டில் மெத்தை, துணிமணி எல்லாவற்றையும் பின்சந்தில் போட்டு எரிக்க வேண்டும் என்றார். அது சரிதான், டாக்டரும் சொல்லியிருந்தார். எரிக்க எடுத்துப்போகும் முன் என்னைக் கூப்பிட்டு உட்கார வைத்தார்.

"மச்சான், கல்வெட்டிலை கசம் எண்ட சொல்லு வரப்படாது. தங்கச்சி ஒருத்தி கலியாணத்துக்கு இருக்கிறாள். ஊருக்குப் போற புத்தகம் இது. காய்ச்சல் எண்டு எழுதும்."

கல்வெட்டில் ஒரு பக்கம் தருவதாக அவளுக்கு வாக்குக் கொடுத்திருக்கிறேன் என்று நான் சொல்லியிருக்க வேண்டும். பார்ப்போம் என்றேன்.

மெத்தையையும் துணிகளையும் பின்சந்துக்குக் கொண்டுபோய்விட்டார்கள். தலையணை மட்டும் கட்டிலில் கிடந்தது. பக்கத்து வீட்டுப் பெண் கதவோரம் வந்து நின்றாள்.

"அண்ணே, அக்கா அந்த உறைக்குள்ளதான் புக்க வச்சிருக்காங்க. எடுத்து வச்சுக்குங்க லா," என்றாள்.

உள்ளே போனேன். உறையின் வாய் கொஞ்சம் திறந்து, நீல அட்டையின் ஒரு மூலை தெரிந்தது. அதில் பழுப்பாக ஒரு கறை. கையை நீட்டினேன். தொட முடியவில்லை. அப்போது நோய்க்குப் பயந்தேன் என்றுதான் பல வருஷம் எனக்கு நானே சொல்லி வந்தேன். அது பாதி. மீதி, நான் வாசிக்காத அந்தப் பக்கங்களில் என்னைப் பற்றி என்ன எழுதியிருப்பாள் என்ற பயம். சோப்புப் போட்டுக் கை கழுவும் சத்தத்தை அவள் எழுதாமல் விட்டிருப்பாளா?

கொசுவலை கட்டும் மூங்கில் கழி ஒன்று மூலையில் இருந்தது. அதன் நுனியில் தலையணையை மாட்டித் தூக்கிக்கொண்டுபோய் நானே நெருப்பில் போட்டேன். தமையன் செய்யவில்லை, டாக்டர் செய்யவில்லை. நான் செய்தேன். பஞ்சு சீக்கிரம் பிடித்துக்கொண்டது. கொப்பி எரியக் கொஞ்ச நேரம் எடுத்தது. பக்கத்து வீட்டுப் பெண் தன் வீட்டுக்குள் போய்விட்டாள். அதற்குப் பிறகு அவள் என்னை அண்ணே என்று கூப்பிட்டதில்லை.

கல்வெட்டு முப்பத்தோராம் நாளுக்குச் சரியாக வந்தது. எட்டுப் பக்கம். எழுத எனக்கு இரண்டு மாலை போதுமாக இருந்தது, அவ்வளவு பழக்கம். காய்ச்சல் என்று எழுதினேன். மலர்ந்த முகம் என்று எழுதினேன். கணவர் புலம்பலில் நான் மார்பில் அடித்துக்கொண்டேன். மகள் புலம்பலில், கப்பலில் போய் ஏழு மாதமான பிள்ளை தாயின் காலைப் பிடித்து, ஒரு சொல் சொல்லாமல் போகிறாயே அம்மா என்று அழுதது. புரூப் பார்க்க ஆள் இல்லாததால் நாலு பிழை அப்படியே வந்துவிட்டது. இதைவிடச் சிறப்பாக நான் எழுதியதில்லை என்று எல்லோரும் சொன்னார்கள். அதன் பிறகு யாருக்கும் கல்வெட்டு எழுதவில்லை. கேட்டு வந்தவர்களிடம் கண் மங்கிவிட்டது என்று சொன்னேன், அதுவும் பொய்.

மகள் தமக்கையிடமே வளர்ந்தாள். நான் லீவில் ஒரு முறைதான் போனேன். அவள் கதவுக்குப் பின்னால் நின்று பேசினாள். போன வருஷம், பதினாறு வயதில், முதல் தடவையாகத் தானே ஒரு நீளமான கடிதம் எழுதியிருந்தாள். ஒவ்வொரு வருஷமும் திவசத்தன்று கல்வெட்டை அவள்தான் உரத்து வாசிப்பாளாம். மகள் புலம்பல் முழுவதும் மனப்பாடமாம். பிறகு இப்படி எழுதியிருந்தாள்: "அம்மாவைப் பற்றி எனக்கு வேறு ஒன்றும் நினைவில்லை அப்பா. ஆனால் அவவின் காலைப் பிடித்துக்கொண்டு நான் அழுதது நன்றாக நினைவிருக்கிறது. அவவின் சிரித்த முகமும் நினைவிருக்கிறது. நான் அப்படி அழுதும், கடைசியில் எனக்கென்று ஒன்றும் சொல்லவில்லையா?"

மூன்று நாள் அந்தக் கடிதத்தை ஆபீஸ் கோட்டுப் பையில் வைத்துக்கொண்டு திரிந்தேன். உண்மையை எழுதத் தொடங்கினேன். நீ அங்கே இருக்கவில்லை, அந்தக் காலை நீ பிடிக்கவில்லை, அது நான் எல்லாப் பிள்ளைகளுக்கும் எழுதும் பாட்டு என்று ஒரு வரி எழுதிப் பார்த்தேன். அதை எடுத்துவிட்டால் அவளிடம் தாய் என்று என்ன மிஞ்சும்? பதிலுக்குக் கொடுக்க என்னிடம் கொப்பி இல்லை. உன்னை விரும்பி அனுப்பவில்லை என்ற அந்த ஒரு வரியை மட்டுமாவது எழுதலாம் என்று நினைத்தேன். எழுதினால், எங்கே எழுதினாள், அந்தக் கொப்பி எங்கே என்று அவள் கேட்பாள். காகிதத்தைக் கிழித்துப் போட்டேன்.

அம்மா கடைசியாக உன் பேரைத்தான் சொன்னாள், மலர்ந்த முகத்தோடு சொன்னாள் என்று எழுதி அனுப்பினேன். எழுத்து நல்ல அழகாக வந்திருந்தது.

அடுத்த கப்பலில் பதில் வந்தது. ஆமாம் அப்பா, அம்மா என் பேரைச் சொன்னது இப்போது எனக்கும் நினைவு வருகிறது என்று எழுதியிருந்தாள்.