ஊர் முழுக்க ஒரே ஆசை

ஞாயிறு காலை ஆறரை மணிக்கு ஓசூர் பேருந்து நிலையத்தில் தேன்கனிக்கோட்டை வண்டியைப் பிடித்தோம், நானும் செல்வியும். ஒரே கம்பெனியில் ஒரே லைனில் நிற்கிறவர்கள், பக்கத்துப் பக்கத்து அறைக்காரர்கள். நான் மத்தூர், அவள் உசிலம்பட்டி. அவள் தம்பி முருகேசன் செல்போன் டவர் நடும் வேலைக்காகப் போன வருடம் அஞ்செட்டிக்கு அப்பால் சீகலட்டி என்ற ஊருக்குப் போனவன், அங்கேயே தங்கிவிட்டான். டவரும் வரவில்லை. அந்த ஊருக்கு போன் தேவைப்படவில்லையாம். உசிலம்பட்டியில் அம்மா படுத்த படுக்கை. தம்பியைக் கையோடு கூட்டி வருவது என்று செல்வி கிளம்பினாள். தனியாக அனுப்ப மனம் வராமல் நானும் ஒட்டிக்கொண்டேன்.

தேன்கனிக்கோட்டை இருபத்தைந்து கிலோமீட்டர். அங்கிருந்து அஞ்செட்டிக்கு வேறு பஸ், வழியெல்லாம் காடு. அஞ்செட்டியில் ஜீப்புக்கு ஆளுக்கு அறுபது ரூபாய். ஓட்டுநர் மாதப்பா கன்னடமும் தமிழும் கலந்து பேசினார்.

"அங்க ஒருத்தரு நெனைக்கிறது எல்லாருக்கும் வந்துரும்மா. பஞ்சாயத்து கெடையாது, தண்டோரா கெடையாது. ஒருத்தருக்குப் பசிச்சா நாப்பது வூட்லயும் அடுப்பு எரியும்" என்றார். எனக்குச் சிரிப்பு வந்தது. எங்கள் லைனில் சூப்பர்வைசர் நினைப்பது அவருக்கே தெரியாது.

ஊருக்கு வெளியே ஒரு புங்கமரத்தடியில் ஜீப்பை நிறுத்தினார். "யாரு வந்தாலும் இங்க ஒக்காந்து நெஞ்சு ஆறுன பொறகுதான் உள்ள போவணும். அது அவங்க வழக்கம். அவசரப்படாதீங்க."

செல்வி காதில் வாங்கவில்லை. "இம்புட்டு தூரம் வந்துட்டு மரத்தடியில உக்காந்திருக்கவாக்கா?" என்று விறுவிறுவென்று நடந்தாள். மாதப்பாவைக் காத்திருக்கச் சொல்லிவிட்டு நான் பின்னால் ஓடினேன்.

கேழ்வரகு முற்றி அறுவடைக்கு நின்றது. வயலில் ஏழெட்டுப் பேர். ஒருவரும் பேசவில்லை, ஆனால் எல்லோரும் ஒரே நேரத்தில் நிமிர்ந்தார்கள். தெருவில் ஒரு குழந்தை அழ வாயெடுத்தது. அழுகை வருவதற்குள் மூன்று வீடு தள்ளியிருந்து ஒரு பெண் பாலோடு வந்துவிட்டாள். மாதப்பா சொன்னது விளையாட்டில்லை என்று அப்போதுதான் பட்டது. அந்தப் பெண் செல்வியைப் பார்த்தாள். பார்த்தவளின் கண்ணில் நீர். வாசல்களில் நின்ற எல்லோருடைய கண்ணிலும் நீர்.

"ஒங்கம்மா செவுத்துப் பக்கமா திரும்பிப் படுத்துக்கினு இருக்காங்க" என்றாள் அந்தப் பெண். அதைச் செல்வி என்னிடம்கூடச் சொன்னதில்லை.

முருகேசன் களத்திலிருந்து வந்தான். மெலிந்திருந்தான், முகம் தெளிவாக இருந்தது. அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டான்.

"வீட்டுக்கு வாடா."

"வரணும்னுதான்க்கா தோணுது. ஆனா அது ஒன் ஆசையா, என் ஆசையான்னு தெரியலையே."

அவன் சொல்லி முடிப்பதற்குள் தெரு முழுக்கக் கதவுகள் சாத்தப்பட்டன. ஆட்டுப் பட்டிகளைத் திறந்துவிட்டார்கள். மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு, குழந்தைகளை இடுப்பில் ஏற்றிக்கொண்டு, நாற்பது வீட்டு ஆட்களும் எங்கள் பின்னால் வந்து நின்றார்கள்.

"எங்க கெளம்பிட்டீங்க?" என்று ஒரு பெரியவரைக் கேட்டேன்.

"வூட்டுக்கு. உசிலம்பட்டிக்கு. பச்சை இரும்புக் கேட்டு, உள்ள போனா வலப்பக்கம் தண்ணித் தொட்டி." அஞ்செட்டியைத் தாண்டியிராத மனிதர் என்று முருகேசன் சொன்னான். செல்வி வாயைப் பொத்திக்கொண்டாள். அது அவர்கள் வீடுதான்.

நாங்கள் ஜீப்பை நோக்கி நடந்தோம். அவர்களும் நடந்தார்கள். நாங்கள் நின்றால் நின்றார்கள். அத்தனை பேர் நடந்தும் பேச்சுச் சத்தமே இல்லை. நான் செல்வியின் முழங்கையைப் பிடித்துக்கொண்டேன். மாதப்பா பயந்துபோய் இன்ஜினை ஓடவிட்டுக் காத்திருந்தார்.

"இவங்க இப்படியே வந்துருவாங்கக்கா" என்றான் முருகேசன். "கதிரு கொட்டிப்போகும், ஊரு பாழாயிரும். நீ ஆசப்படுறத நிறுத்துனாதான் திரும்புவாங்க."

"நிறுத்துனா நீ?"

"எனக்கே ஆச இருந்தா, எல்லாரும் திரும்புனாலும் நான் மட்டும் இங்கயே நிப்பேன். அப்ப ஒன்னோட வாரேன்."

செல்வி மண்பாதையில் உட்கார்ந்து கண்ணை மூடிக்கொண்டாள். பெற்றெடுத்த பிள்ளைபோல் வளர்த்தவனை, வேண்டாம், வேண்டாம் என்று மனதிலிருந்து இறக்கப் பார்த்தாள். அந்த முகத்தை என்னால் பார்க்க முடியவில்லை. கூட்டத்தைப் பார்த்தேன். முதலில் திரும்பியவன் முருகேசன்தான். யாரோ கூப்பிட்டதுபோலத் திரும்பி, ஊரைப் பார்த்து நடந்தான். அவன் பின்னால் ஒவ்வொருவராக மூட்டையை இறக்கித் தோளில் மாற்றிக்கொண்டு போனார்கள். பெரியவர் மட்டும் சற்று நின்று கண்ணைத் துடைத்துக்கொண்டு போனார்.

செல்வி கண்ணைத் திறந்தபோது பாதை காலியாக இருந்தது.

ஜீப்பில் அவள் அழவில்லை. அஞ்செட்டி வீடுகள் தெரியத் தொடங்கியதும்தான் பேசினாள்.

"அக்கா, என்னால நிறுத்த முடியல. கடைசி வரைக்கும் அவன் வரணும்னுதான் நெனச்சேன். பெறகு எப்படித் திரும்புனாய்ங்க?"

அவள் என் பக்கம் முழுசாகத் திரும்பி உட்கார்ந்தாள்.

"அந்த நேரம் நீங்க என்னக்கா நெனச்சீங்க?"

"பயமா இருந்துச்சு செல்வி. எல்லாரும் திரும்பிப் போயிட்டாப் போதும்னு நெனச்சேன்."

"எல்லாருமா? அவனுமா?" என்றாள்.

அஞ்செட்டியில் பஸ் ஏறியதும் எனக்கு முன் சீட்டில் தனியாகப் போய் உட்கார்ந்தாள்.